ஆறு மணிக்கும் பத்து மணிக்கும் நடுவே

1976ஆம் ஆண்டு பெய்ரூட்டில் காலை ஆறு மணிக்கும் பத்து மணிக்கும் நடுவே துப்பாக்கிச் சத்தம் ஓய்ந்திருக்கும். இரவெல்லாம் சுட்டுக்கொண்டிருந்த இரு தரப்பு ஆயுதக் குழுக்களும் அந்த நேரத்தில்தான் ஓய்வெடுக்கும். அந்த நான்கு மணி நேரத்தில் ஒரு பெண் கேமராவோடு தெருத் தெருவாக நடந்தார். ஆறு மாத காலம், நகரத்தின் சுவர்கள் நாளுக்கு நாள் சிதைந்துபோவதைப் படம்பிடித்தார். அவர் பெயர் ஜோஸ்லின் ஸாப். அப்படி உருவான படம் ‘பெய்ரூட், இனி ஒருபோதும் இல்லை’.

இந்த நேரக் கணக்கு எனக்கு மிக முக்கியமாகப் படுகிறது. போர்முனைச் செய்தியாளர்களைப் பற்றிப் படித்த புத்தகங்களில் எல்லாம் சண்டை நடக்கும் நேரத்தில் அங்கே இருப்பதே பெருமையாகப் பேசப்படுகிறது. குண்டு வெடிக்கும் கணம், ஓடும் போராளி, விழும் உடல், இவற்றைப் பிடித்தவர் சாதனையாளர். ஸாப் தேர்ந்துகொண்டதோ சண்டை ஓய்ந்திருக்கும் நேரம். போர் நடக்கும் ஊர்களில் ரொட்டி வாங்கவும் தண்ணீர் பிடிக்கவும் உறவினர் உயிரோடு இருக்கிறார்களா என்று பார்த்து வரவும் பெண்கள் வெளியே வருகிற நேரமும் அதுதான். போர் முடியும்வரை காத்திருக்க முடியாதவர்களின் நேரம் அது.

போர்ப் பகுதியில் வேலை செய்த பெண்களைப் பற்றி எழுதும்போது ‘துணிச்சலான பெண்’ என்ற சொல் உடனே வந்து உட்கார்ந்துகொள்கிறது. ஸாப் துணிச்சலானவர்தான். ஆனால் துணிச்சலை மட்டும் பேசினால் அவர் என்ன பார்த்தார், எப்படிப் பார்த்தார், அதைக் காட்டவிடாமல் தடுத்தவர்கள் யார் என்ற கேள்விகளெல்லாம் பின்னுக்குப் போய்விடும். ஆண் இயக்குநரின் படங்களை ஆராய்கிற வரலாறு, பெண் இயக்குநரின் மன உறுதியைப் பாராட்டிவிட்டு நகர்ந்துவிடுகிறது. ஆகவே நான் இங்கே அவருடைய வேலையைப் பற்றியே பேச விரும்புகிறேன்.

தொலைக்காட்சி போட மறுத்த படம்

ஸாப் 1948 ஏப்ரலில் பெய்ரூட்டில் பிறந்தார். வசதியான கிறித்தவக் குடும்பம். பெய்ரூட்டின் செயிண்ட் ஜோசப் பல்கலைக்கழகத்திலும் பாரிஸிலும் பொருளாதாரம் படித்தார். திரைப்படக் கல்லூரிக்குப் போனவர் அல்ல. லெபனான் வானொலியில் இசை நிகழ்ச்சி நடத்தினார். பிறகு பத்திரிகை வேலை. கவிஞரும் ஓவியருமான எதெல் அத்னான் பண்பாட்டுப் பக்கங்களைக் கவனித்துவந்த அல் ஸஃபா நாளிதழுக்காக எழுதினார். இருவருக்கும் வயதில் இருபத்து மூன்று ஆண்டு வித்தியாசம். அங்கே தொடங்கிய நட்பு பிற்பாடு படங்களிலும் தொடர்ந்தது.

1970களின் தொடக்கத்தில் பிரெஞ்சுத் தொலைக்காட்சிக்குச் செய்தியாளராகப் போனார். லிபியாவில் கடாஃபியைப் பற்றிய படம், 1973 அக்டோபரில் நடந்த அரபு-இஸ்ரேல் போர் என்று வேலைகள் வந்தன. அரபு மொழி தெரியும், பிரெஞ்சு தெரியும், அந்தப் பகுதியின் அரசியல் தெரியும். தொலைக்காட்சிக்கு இவை எல்லாம் தேவைப்பட்டன. ஆனால் 1974இல் அவர் ‘பாலஸ்தீனப் பெண்கள்’ என்ற குறும்படத்தை எடுத்தபோது, அவருடைய மொழியறிவு வேண்டும், அவர் பார்க்கும் கோணம் வேண்டாம் என்ற நிலை வெளிப்பட்டது. செய்திகளில் பின்புறத்தில் அழுதுகொண்டு நிற்பவர்களாக மட்டும் வந்துபோன பெண்களை அவர் முன்னால் உட்காரவைத்துப் பேசவைத்திருந்தார். தொலைக்காட்சி அதை ஒளிபரப்பவில்லை.

இந்தத் தணிக்கையைக் கொஞ்சம் நின்று யோசிக்க வேண்டும். பாலஸ்தீனம் அன்று செய்தியில் இல்லாத விஷயம் அல்ல. விமானக் கடத்தல்கள், ம்யூனிக் ஒலிம்பிக் தாக்குதல் என்று நாள்தோறும் திரையில் இருந்தது. பாதிக்கப்பட்டவளாக அழுகிற பெண்ணையும் திரை ஏற்றுக்கொள்ளும். தன் அரசியலைத் தன் வாயால் விளக்கும் அகதிப் பெண்ணைத்தான் எங்கே வைப்பது என்று அதற்குத் தெரியவில்லை. அந்த அனுபவத்துக்குப் பிறகு ஸாப் சுதந்திரமாகப் படமெடுக்கும் வழிக்குத் திரும்பினார். தானே படம் எடுத்து, தானே தொகுத்து, பிறகு தொலைக்காட்சிகளுக்கு விற்பது. மாதச் சம்பளம் போனது. படத்தின் கடைசி வடிவம் அவர் கையில் வந்தது.

பேருந்தில் தொடங்கிய போர்

1975 ஏப்ரல் 13 அன்று பெய்ரூட்டின் அய்ன் எல் ரும்மானே பகுதியில் பாலஸ்தீனர்கள் வந்த பேருந்து ஒன்றைக் கிறித்தவ வலதுசாரி ஃபலாஞ்சி குழுவினர் சுட்டார்கள். 27 பேர் இறந்தார்கள். பதினைந்து ஆண்டுகள் நீடித்த லெபனான் உள்நாட்டுப் போரின் தொடக்க நாளாக அந்த ஞாயிற்றுக்கிழமை குறிக்கப்படுகிறது. ஸாப் அப்போது வியட்நாம் போரின் முடிவைப் படமெடுக்கப் புறப்பட இருந்தார். பயணத்தை நிறுத்திவிட்டுத் தன் ஊரிலேயே தங்கினார். அதுவரை பிறர் போர்களைச் சொல்லிவந்த செய்தியாளர், தன் வீட்டு வாசலில் நடக்கும் போரைச் சொல்ல வேண்டிய நிலைக்கு வந்தார்.

அந்த ஆண்டே யோர்க் ஸ்டோக்லின் என்பவரோடு சேர்ந்து ‘கொந்தளிப்பில் லெபனான்’ என்ற முழுநீள ஆவணப்படத்தை எடுத்தார். அதில் எல்லாத் தரப்புத் தலைவர்களும் பேசுகிறார்கள். ஒவ்வொருவரும் தன் கட்சியின் நியாயத்தைச் சொல்கிறார்கள். இளைஞர்கள் ஆயுதப் பயிற்சி எடுப்பதைக் காட்டுகிறார்கள். யாருக்கும் சந்தேகமே இல்லை. இந்தப் படத்தைப் பார்க்கும்போது எனக்கு உறுத்தியது தலைவர்களின் நிதானம்தான். நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்து, ஒரு நாடு உடையப்போவதை வாதத் திறமையோடு விளக்குகிறார்கள். பேசுபவர்கள் ஏறக்குறைய அனைவரும் ஆண்கள்.

இதற்குப் பிறகு வந்த படங்களில் ஸாபின் கேமரா அந்த நாற்காலிகளை விட்டு எழுந்துவிடுகிறது. தலைவர்கள் குறைகிறார்கள். குழந்தைகள், கடைக்காரர்கள், இடம்பெயர்ந்த குடும்பங்கள், பாதி எரிந்த கட்டடங்கள் வருகின்றன. போரை விளக்கும் அதிகாரம் யாருக்கு உண்டு என்பதில் அவர் ஒரு முடிவுக்கு வந்துவிட்டார் என்றே இந்த மாற்றத்தைப் புரிந்துகொள்கிறேன்.

குழந்தைகள் விளையாடிய விளையாட்டு

1976 ஜனவரி 18 அன்று பெய்ரூட் துறைமுகத்துக்கு அருகில் இருந்த கரந்தினா என்ற குடிசைப் பகுதியைக் கிறித்தவ ஆயுதக் குழுக்கள் கைப்பற்றின. பாலஸ்தீனர்கள், குர்துகள், ஏழை லெபனான் முஸ்லிம்கள் வாழ்ந்த இடம் அது. நூற்றுக்கணக்கானோர் கொல்லப்பட்டார்கள். இரண்டு நாள் கழித்து, பாலஸ்தீன, இடதுசாரிக் குழுக்கள் தாமூர் என்ற கிறித்தவ ஊருக்குள் புகுந்து கொன்றன. பழிக்குப் பழி என்ற கணக்கு அன்றிலிருந்து வேகமெடுத்தது.

கரந்தினாவில் தப்பிய குழந்தைகளைச் சில நாட்களுக்குள் ஸாப் சந்தித்தார். அவர்களிடம் வண்ணப் பென்சில்களைக் கொடுத்து வரையச் சொன்னார். பிறகு அவர்கள் விளையாடுவதைப் படமெடுத்தார். அவர்களுக்குத் தெரிந்த ஒரே விளையாட்டு, தாங்கள் பார்த்த படுகொலை. யார் சுடுவது, யார் சாவது என்று பிரித்துக்கொண்டு, கேமராவுக்கு முன்னால் அதை நடித்துக் காட்டுகிறார்கள். ‘போரின் குழந்தைகள்’ பத்து நிமிடம் அளவே ஓடும் படம். பார்த்து முடித்த பிறகு உடனே எழுந்துபோக முடியாது.

மாணவிகளுக்கு இந்தப் படத்தைக் காட்டும்போதெல்லாம் ஒரே கேள்வி வருகிறது. கேமரா இல்லாவிட்டால் அந்தக் குழந்தைகள் அப்படி நடித்திருப்பார்களா? அவர்களுடைய காயத்தை மறுபடி கிளறியது படமெடுத்தவர் இல்லையா? நியாயமான கேள்வி. பெண் எடுத்த படம் என்பதாலேயே அது தாய்மை நிறைந்த பார்வை, அதனால் அறத்தில் பிழையில்லாதது என்று சொல்லித் தப்பிக்க நான் விரும்பவில்லை. கேமரா வைத்திருப்பவருக்கும் எதிரே நிற்பவருக்கும் இடையில் அதிகாரம் இருக்கிறது. வைத்திருப்பவர் பெண்ணாக இருந்தாலும் அது இருக்கிறது. அந்தக் குழந்தைகள் சம்மதம் சொல்லும் நிலையில் இல்லை. அவர்களுக்காகச் சம்மதம் சொல்லியிருக்கக்கூடிய பெற்றோரில் பலர் உயிரோடு இருந்தார்களா என்பதே கேள்வி.

ஆனாலும் இந்தப் படம் செய்கிற ஒன்றை வேறு எதுவும் செய்யவில்லை. அன்றைய செய்திகளில் குழந்தை என்றால் கண்ணீர் வழியும் முகம். நன்கொடை கேட்கும் சுவரொட்டி முகம். ஸாபின் குழந்தைகள் அழவில்லை. அவர்கள் கற்றுக்கொண்டுவிட்டார்கள். போர் என்பது ஒரு தலைமுறைக்குப் பாடமாக நடத்தப்படுகிறது என்பதை அந்தச் சின்னக் கைகள் துப்பாக்கி பிடிக்கும் துல்லியத்தில் பார்க்கிறோம். பெரியவர்களின் நியாயங்களை எல்லாம் கேட்ட பிறகு, அவற்றின் விளைவை அவர் ஒரு கடற்கரை மணலில் காட்டிவிட்டார்.

மாணவிகளின் கேள்விக்கான பதிலின் ஒரு பகுதி இன்னொரு பெண்ணிடம் இருந்து வந்தது என்று நினைக்கிறேன். பாலஸ்தீன இயக்குநர் மாய் மஸ்ரி 1998இல் ‘ஷாத்திலாவின் குழந்தைகள்’ என்ற படத்தை எடுத்தார். ஷாத்திலா, பெய்ரூட்டில் உள்ள பாலஸ்தீன அகதி முகாம். 1982 செப்டம்பரில் படுகொலை நடந்த இடம். மஸ்ரி அங்கே இரண்டு குழந்தைகளின் கையில் சிறிய வீடியோ கேமராவைக் கொடுத்தார். அவர்கள் தங்கள் தாத்தா பாட்டிகளைப் பேட்டி எடுத்தார்கள், சந்துகளைப் படமெடுத்தார்கள், கனவுகளைச் சொன்னார்கள். பென்சிலைக் கொடுத்து வரையச் சொன்ன ஸாபுக்கும், கேமராவையே கொடுத்துவிட்ட மஸ்ரிக்கும் இடையில் 22 ஆண்டுகள். ஒரு பெண் எழுப்பிய சிக்கலை இன்னொரு பெண் எடுத்துக்கொண்டு அடுத்த அடி வைத்திருக்கிறார். அவர்களைத் தனித்தனியே பாராட்டிக்கொண்டிருந்தால் இந்தத் தொடர்ச்சி கண்ணில் படாது.

பெய்ரூட்டின் மூன்று படங்கள்

முதலில் சொன்ன ‘பெய்ரூட், இனி ஒருபோதும் இல்லை’ படத்துக்கு எதெல் அத்னான் உரை எழுதினார். 16 மி.மீ. படச்சுருள் அன்று ஒரு பெட்டிக்கு ஏறத்தாழ பதினொரு நிமிடம்தான் ஓடும். எடுத்ததை அங்கேயே திரும்பிப் பார்க்க முடியாது. கழுவி வரும்வரை என்ன பதிந்திருக்கிறது என்று தெரியாது. அப்படிப்பட்ட கணக்கில், சண்டைக் காட்சிக்குச் செலவிடாமல் ஒரு கடையின் உடைந்த ஜன்னலுக்கும் அதில் நிற்கும் பொம்மைக்கும் சுருளைச் செலவிடுவது ஒரு அரசியல் முடிவு.

எதெல் அத்னானும் இந்தப் போரை எழுதினார். பாலஸ்தீனர் பக்கம் நின்ற ஒரு கிறித்தவப் பெண் 1976இல் கடத்திக் கொல்லப்பட்டதை வைத்து அவர் எழுதிய ‘சித் மாரி ரோஸ்’ நாவலைப் பாரிஸின் பெண்ணியப் பதிப்பகம் ஒன்று வெளியிட்டது. தன் சமூகம் கிழித்த கோட்டைத் தாண்டும் பெண்ணுக்கு என்ன நடக்கும் என்பதற்கு அந்தக் கொலை சாட்சி. ஸாபும் அதே கோட்டைத் தாண்டியவர். கிறித்தவ வசதிக் குடும்பத்தில் பிறந்து, குடிசைப் பகுதியிலும் அகதி முகாமிலும் கேமராவை நிறுத்தியவர். துரோகி என்ற பட்டம் ஆணுக்கும் உண்டு. பெண்ணுக்கு அதோடு ‘நம் வீட்டுப் பெண் கெட்டுப்போனாள்’ என்ற பட்டமும் சேரும். அரசியல் மீறலும் ஒழுக்க மீறலும் பெண் விஷயத்தில் ஒன்றாகவே எண்ணப்படுகின்றன.

1978இல் ‘பெய்ரூட்டிலிருந்து ஒரு கடிதம்’. இதற்கும் அத்னானின் உரை. போர் தொடங்கி மூன்று ஆண்டுகள் ஆன நிலையில் ஸாப் தன் நகரத்துக்குத் திரும்பி வந்து அன்றாட வாழ்க்கையை வாழ்ந்து பார்க்க முயல்கிறார். நகரப் பேருந்துகள் ஓடவில்லை. அவர் ஒரு பேருந்தை ஓடவைக்கிறார். பேருந்து போவதைப் பார்த்து ஆட்கள் ஏறுகிறார்கள். பக்கத்தில் இருப்பவரோடு பேசுகிறார்கள். நகரம் இயல்பாகிவிட்டது என்ற எண்ணம் சற்று நேரத்துக்கு அவர்களுக்கு வருகிறது.

இந்தப் போர் ஒரு பேருந்தில் தொடங்கியது என்பதை நினைவில் வைத்துக்கொண்டு இந்தக் காட்சியைப் பாருங்கள். யார் எந்த மதம், எந்தத் தெரு என்று பார்த்துச் சுட்ட நகரத்தில், முகம் தெரியாதவர்கள் ஒரே வண்டியில் உட்காருவது சாதாரண விஷயமாக இல்லாமல் போயிருந்தது. ஆவணப்படம் என்பது நடப்பதைத் தலையிடாமல் பதிவுசெய்வது என்று பாடப்புத்தகம் சொல்லும். ஸாப் தலையிட்டார். இல்லாமல் போன ஒன்றைப் படமெடுக்க வேண்டுமானால் அதைச் சிறிது நேரம் இருக்கவைக்க வேண்டும்.

மூன்றாவது படம் ‘பெய்ரூட், என் நகரம்’. 1982 ஜூன் 6 அன்று இஸ்ரேல் ராணுவம் லெபனானுக்குள் நுழைந்தது. மேற்கு பெய்ரூட் முற்றுகையிடப்பட்டது. தண்ணீரும் மின்சாரமும் நிறுத்தப்பட்டன. நூற்றைம்பது ஆண்டுப் பழமையான ஸாபின் வீடு எரிந்துபோனது. படத்தின் தொடக்கத்தில் அந்த இடிபாடுகளுக்கு நடுவே அவரே நிற்கிறார். நாடகக் கலைஞர் ரோஜே அஸ்ஸாஃப் எழுதிய உரை தொடர்கிறது. தன் வீட்டைக் காட்டிவிட்டு ஸாப் அங்கேயே நின்றுவிடவில்லை. கேமரா தெருவுக்கு இறங்கி, வீடிழந்த மற்றவர்களிடம் போகிறது. பெண்கள் தன்னைப் பற்றிப் பேசினால் தன்னிரக்கம் என்றும், பேசாவிட்டால் பக்கச்சார்பற்றவர் என்றும் சொல்வார்கள். இந்தப் படத்தில் ‘நான்’ என்று தொடங்கும் ஒரு பெண் ‘நாங்கள்’ என்ற சொல்லுக்குப் போய்ச் சேரும் பாதையைப் பார்க்கலாம்.

அதே ஆண்டு ஆகஸ்ட் இறுதியில் பாலஸ்தீனப் போராளிகள் பெய்ரூட்டை விட்டு வெளியேறினார்கள். யாசர் அராஃபத் அட்லாண்டிஸ் என்ற கப்பலில் கிரீஸ் நோக்கிப் புறப்பட்டபோது ஸாப் அந்தக் கப்பலில் இருந்து ‘நாடு கடத்தலின் கப்பல்’ படத்தை எடுத்தார். கப்பல்கள் போன சில நாட்களில், செப்டம்பர் 16 முதல் 18 வரை, சப்ரா, ஷாத்திலா பகுதிகளில் படுகொலை நடந்தது. போராளிகள் கப்பலேறிப் போனார்கள். முகாமில் மிஞ்சியிருந்தவர்களில் பெண்களும் குழந்தைகளும் முதியவர்களும் அதிகம். வெளியேற்றத்தின் வரலாறு கப்பல் தளத்தில் நின்ற தலைவரோடு முடிவதில்லை என்பதை அந்த மூன்று நாட்கள் காட்டின.

மூடப்பட்ட எல்லைகள்

ஸாப் பெய்ரூட்டோடு நின்றவர் அல்ல. 1977இல் மேற்கு சஹாராவுக்குப் போய் ‘சஹாரா விற்பனைக்கல்ல’ என்ற படத்தை எடுத்தார். ஸ்பெயின் விட்டுப்போன அந்த நிலத்துக்கு மொரோக்கோ உரிமை கொண்டாடியது, போலிசாரியோ இயக்கம் எதிர்த்தது. படத்துக்குப் பிறகு மொரோக்கோ அவருக்குத் தடை விதித்தது. அதே ஆண்டு கெய்ரோவில் கல்லறைகளுக்கு நடுவே குடியிருக்கும் ஏழைகளைப் பற்றி ‘எகிப்து, இறந்தோரின் நகரம்’ எடுத்தார். எகிப்துக்குள் நுழைய ஏழு ஆண்டு தடை வந்தது. 1980களின் தொடக்கத்தில் புரட்சிக்குப் பிந்தைய ஈரானைப் படமெடுத்தார்.

கல்லறையில் குடியிருப்பவர்களைப் பற்றிய படத்தில் துப்பாக்கி கிடையாது. ஆனாலும் அரசு பயந்தது. மோதல் பகுதி என்று செய்தித்தாள்கள் வரைந்து காட்டும் வரைபடமும், உண்மையில் மனிதர்கள் மோதி நசுங்கும் இடங்களின் வரைபடமும் ஒன்றல்ல. ஸாப் இரண்டாவது வரைபடத்தை வைத்துக்கொண்டு பயணம் செய்தார் என்பது என் கருத்து.

தனி ஒருத்தி அல்ல

அந்தக் காலத்து அரபு ஆவணப்படத்தில் ஸாப் மட்டும் இருக்கவில்லை. லெபனானைச் சேர்ந்த ஹெய்னி ஸ்ரூர் ஓமனின் தோஃபார் பகுதிக்குப் போய், கெரில்லாப் போரையும் அதில் பெண்களின் பங்கையும் ‘விடுதலையின் நேரம் வந்துவிட்டது’ என்ற படமாக எடுத்தார். அது 1974இல் கான் திரைப்பட விழாவில் திரையிடப்பட்டது. நபீஹா லுத்ஃபி தல் அல் ஸாத்தர் அகதி முகாமின் பெண்களைப் பற்றிப் படமெடுத்தார். அந்த முகாம் 1976 ஆகஸ்டில் வீழ்ந்தது. ரந்தா ஷஹால் போரைப் பற்றிய ஆவணப்படத்தில் தொடங்கிக் கதைப்படத்துக்குப் போனார். மாய் மஸ்ரி 1980களில் வந்து சேர்ந்தார்.

ஒரே பகுதியில், ஒரே காலத்தில் இத்தனை பெண்கள் எப்படி வந்தார்கள்? சில காரணங்கள் எனக்குத் தெரிகின்றன. தூக்கிக்கொண்டு நடக்கக்கூடிய 16 மி.மீ. கேமரா வந்திருந்தது. பெரிய ஸ்டுடியோவும் தயாரிப்பாளரும் தேவைப்படாத வேலையாக ஆவணப்படம் மாறியிருந்தது. ஐரோப்பியத் தொலைக்காட்சிகளுக்குப் படங்கள் வேண்டியிருந்தன. விடுதலை இயக்கங்கள் தங்கள் கதையைச் சொல்ல ஆள் தேடின. போர் பழைய ஒழுங்குகளை உடைத்தபோது, பெண்களை உள்ளே விடாமல் காத்துவந்த சில கதவுகளும் உடைந்தன.

வர்க்கத்தையும் பேச வேண்டும். இவர்களில் பலர் படித்த, வசதியான குடும்பத்துப் பெண்கள். பிரெஞ்சோ ஆங்கிலமோ பேசுவார்கள். கடவுச்சீட்டு இருந்தது, பாரிஸில் தங்க இடம் இருந்தது. கரந்தினாவின் குழந்தைக்கு இவை எதுவும் இல்லை. படமெடுக்கும் பெண்ணும் படமாகும் பெண்ணும் சகோதரிகள் என்று சொல்லிவிட்டால் இந்த இடைவெளி மறைந்துவிடும். மறைக்கக் கூடாது. ஸாப் தன் வசதியைக் கொண்டு தன் வர்க்கத்துக்கு எதிராகவே சாட்சி சொன்னார் என்பது அவருக்குப் பெருமை. அந்தச் சாட்சியத்தைச் சொல்லும் வாய்ப்பு அவருக்குக் கிடைத்ததற்கும் அந்த வர்க்கமே காரணம் என்பதும் உண்மை. இரண்டையும் ஒன்றாகச் சொல்லப் பெண்ணிய வரலாறு பழக வேண்டும்.

உடலுக்குள் நடக்கும் போர்

1985இல் ஸாப் முதல் முழுநீளக் கதைப்படத்தை எடுத்தார். போருக்குள் பிறந்து வளர்ந்த ஒரு சிறுமியும், இடிந்துகொண்டிருக்கும் வீட்டில் தனியே வாழும் ஒரு நடுவயது ஓவியரும் அதில் மையம். கான் விழாவின் இயக்குநர்கள் பிரிவில் அது இடம்பெற்றது. 1976இல் கொலை விளையாட்டு விளையாடிய குழந்தைகள் வளர்ந்து காதலுக்கான வயதுக்கு வந்தால் எப்படி இருப்பார்கள் என்ற கேள்வியின் தொடர்ச்சியாக அந்தப் படத்தைப் பார்க்கலாம்.

2005இல் எகிப்தில் ‘துனியா’. நடனமும் கவிதையும் படிக்கும் ஓர் இளம்பெண், தன் உடலுக்கும் தனக்கும் நடுவே ஏன் இவ்வளவு தூரம் என்று தேடுகிறாள். பெண் உறுப்புச் சிதைப்பைப் பற்றிய படம் இது. கெய்ரோவில் கடும் எதிர்ப்பு எழுந்தது. எகிப்தின் பெயரைக் கெடுக்கிறார் என்று குற்றம் சாட்டினார்கள். மூன்று ஆண்டு கழித்து, 2008இல், எகிப்து சட்டம் அந்த வழக்கத்தைக் குற்றமாக்கியது. ஒரு படத்தால் சட்டம் வந்தது என்று நான் சொல்லமாட்டேன். பல பத்தாண்டுகளாகப் போராடிய எகிப்தியப் பெண்கள் இருக்கிறார்கள்.

ஆனால் ஒன்று கவனிக்கத் தக்கது. போர்ப் படங்களைப் பாராட்டிய பலருக்கு இந்தப் படம் எங்கிருந்து வந்தது என்று புரியவில்லை. எனக்கு இது நேர்க்கோடாகவே தெரிகிறது. நகரத்தின் சுவர்களில் ஆன காயங்களைக் காலை வெளிச்சத்தில் பொறுமையாகப் பார்த்தவர், பெண்ணுடலில் ஆன காயத்தையும் அதே பொறுமையோடு பார்த்தார். ‘துனியா’ காயத்தோடு நிற்காமல் இன்பத்தைப் பற்றியும் பேசியது. எதிர்ப்புக்குக் காரணம் அந்த இரண்டாவது பேச்சாகவும் இருக்கலாம்.

ஆவணம் யாருடையது

லெபனான் போர் 1990இல் ஓய்ந்தது. ஏறத்தாழ ஒன்றரை லட்சம் பேர் இறந்ததாகச் சொல்லப்படுகிறது. ஆயிரக்கணக்கானோர் காணாமல் போனார்கள். 1991இல் பொது மன்னிப்புச் சட்டம் வந்தது. ஆயுதக் குழுத் தலைவர்கள் பலர் அமைச்சர்களும் சட்டமன்ற உறுப்பினர்களும் ஆனார்கள். எல்லாத் தரப்பும் ஒப்புக்கொள்ளும் வரலாற்றுப் பாடநூல் இல்லாததால், பள்ளிக்கூடங்கள் இந்தப் போரைக் கற்பிப்பதில்லை. காணாமல் போனவர்களின் படங்களை ஏந்தித் தாய்மாரும் மனைவியரும் ஆண்டுக்கணக்கில் தெருவில் நின்றார்கள்.

அரசு மறக்கச் சொன்ன இடத்தில், 1970களின் படச்சுருள்கள் வேறொரு பொருளைப் பெற்றன. ஸாப் இதை நன்றாக உணர்ந்திருந்தார். 1990களில் பெய்ரூட்டைப் பற்றி எடுக்கப்பட்ட நூற்றுக்கணக்கான பழைய படங்களைத் தேடிச் சேகரிக்கும் வேலையில் இறங்கினார். 1994இல் வந்த ‘ஒரு காலத்தில் பெய்ரூட்’ படத்தில், போருக்கு முந்தைய நகரத்தைப் பார்த்தேயிராத இரண்டு இளம்பெண்கள் ஒரு முதிய படச் சேகரிப்பாளரைத் தேடிப் போய், பழைய படங்களின் வழியே தங்கள் ஊரைப் பார்க்கிறார்கள். நினைவை அடுத்த தலைமுறைப் பெண்களின் கையில் கொடுக்க அவர் தேர்ந்துகொண்ட வழி அது. 2013இல் லெபனானில் ‘பண்பாட்டு எதிர்ப்பு’ என்ற பெயரில் சர்வதேசத் திரைப்பட விழாவையும் தொடங்கினார்.

ஆனாலும் அவருடைய சொந்தப் படங்கள் நீண்ட காலம் பார்க்கக் கிடைக்கவில்லை. தொலைக்காட்சிக்காக எடுத்த குறும்படங்களைத் திரைப்பட வரலாறு திரைப்படமாக மதிப்பதில்லை. செய்தி வரலாறு அவற்றைக் கவித்துவம் மிகுந்தவை என்று தள்ளிவைக்கிறது. இரண்டுக்கும் நடுவே விழுந்த படைப்புகளில் பெண்களுடையவை அதிகம். ஏனென்றால் முழுநீளப் படத்துக்கான பணம் அவர்களுக்குக் கிடைப்பது கடினம். ஸாப் 2019 ஜனவரி 7 அன்று பாரிஸில் இறந்தார். அதன்பின் அவர் பெயரில் அமைந்த ஒரு சங்கம் 1970களின் படங்களை ஒவ்வொன்றாக மீட்டெடுத்து, வெளிநாட்டு விழாக்களிலும் பல்கலைக்கழகங்களிலும் திரைக்குக் கொண்டுவந்தது. நாம் இன்று அவற்றைப் பார்த்து விவாதிக்க முடிவது அந்த வேலையால்தான்.

அவருடைய கடைசிப் படம் 2018இல் வந்தது. சில நிமிடங்களே ஓடும் குறும்படம். மேய் ஷிகெனோபு என்ற பெண்ணைப் பற்றியது. பாலஸ்தீனர்களோடு சேர்ந்து போராட லெபனானுக்கு வந்து, ஜப்பானிய செம்படையைத் தொடங்கிய ஃபுஸாகோ ஷிகெனோபுவின் மகள் அவர். பெய்ரூட்டில் பிறந்து, 2001வரை எந்த நாட்டுக் குடியுரிமையும் இல்லாமல், உண்மைப் பெயரை மறைத்து வளர்ந்தவர். படத்தின் தலைப்பு ‘என் பெயர் மேய் ஷிகெனோபு’.

1974இல் ஒளிபரப்பாகாமல் போன படத்தில் போரின் நடுவே இருந்த பெண்கள் பேசினார்கள். 44 ஆண்டுகளுக்குப் பிறகு, நோயோடு இருந்த நாட்களில், அந்தப் போராட்டத்தோடு பிணைந்த ஒரு தாயின் மகளை ஸாப் பேசவைத்தார். தாய் எடுத்த முடிவுகளை நாம் எப்படி மதிப்பிட்டாலும், அவற்றின் விலையில் ஒரு பங்கை மகள் தன் பெயரால் கொடுத்தார். அந்தப் பெயரைத் தன் வாயால் சொல்லும் இடமாக அந்தப் படம் இருக்கிறது. வாய்ப்புக் கிடைத்தால் இரண்டு படங்களையும் ஒரே நாளில், அடுத்தடுத்துப் பாருங்கள்.